அறுபதிலேயே நின்ற முள்

தினகரனுக்கு எதையும் ஒரு தடவை பார்த்தால் போதாது. பூட்டிய பூட்டை இழுத்துப் பார்ப்பார். படியிறங்கிப் போனவர் திரும்பி வந்து இன்னொரு தடவை இழுப்பார். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஸ்ரீநாத் நடத்தும் வெல்டிங் பட்டறையில் அவர் பதினோரு வருடமாக சூப்பர்வைசர். டீ நேரத்தில் அவரைப் பற்றிச் சொல்லிச் சிரிக்கும் கதைகள் எல்லாமே இந்த ரகம்தான். டிசம்பர் இரண்டாம் வாரம், ஒரு புதன்கிழமை மாலை, கண்ணாடித் தடுப்பு போட்ட தன் அறையில் கேஸ் ரெஜிஸ்டரை நான்காவது முறையாகப் புரட்டியபோது, இந்த ஒரு தடவையாவது தன் சந்தேகம் வீண் போகவில்லை என்று அவருக்குத் தோன்றியது.

அந்த ரெஜிஸ்டர் மே மாதம் அவர் கொண்டுவந்த ஏற்பாடு. வெல்டிங் செய்யும்போது உருகிய இரும்பின் மேல் வெளிக்காற்றுப் படாமல் கரியமில வாயு மூடி நிற்க வேண்டும். சிலிண்டரில் அது குறைந்துபோனால் பற்றவைத்த இடத்தில் பொத்தல் விழும். அதனால் ஒவ்வொரு ஷிஃப்டும் தொடங்கும்போதும் முடியும்போதும் சிலிண்டர் தலையில் அழுத்தம் காட்டும் கேஜின் முள்ளைப் பார்த்து எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும் என்று வைத்தார். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான் அந்த ஷிஃப்ட் செலவழித்த கேஸ். மூடிய கலத்தில் வாயு பாதியானால் அழுத்தமும் பாதியாகும். டிப்ளமோ முதல் வருடத்தில் படித்ததை அவர் மறக்கவில்லை.

ஒரு சிலிண்டர் நாலு ஷிஃப்டுக்கு வரும். காலை ஆறிலிருந்து இரண்டு வரை கஜபதி, இரண்டிலிருந்து பத்து வரை இன்னொருவர். ஸ்டோரை மதியம் இரண்டு மணிக்குப் பூட்டிவிடுவார்கள். அந்த நேரத்தில் முள் முக்காலுக்குக் கீழே இறங்கியிருந்தால் ஒரு மாற்று சிலிண்டரை வெளியே எடுத்து வைக்க வேண்டும், இறங்காவிட்டால் தேவையில்லை. மே, ஜூன், ஜூலை எல்லாம் இது ஒழுங்காக நடந்தது. நூறில் தொடங்கிய முள் ஷிஃப்டுக்கு ஷிஃப்ட் இறங்கியது. ஒரே அளவாக இறங்கவில்லைதான். ஆனால் இறங்கியது.

தீபாவளி முடிந்த வாரம் இரண்டாவது ஷிஃப்டுக்கு நிஷா வந்தாள். அதிலிருந்துதான் ரெஜிஸ்டர் கோணல் ஆனது.

மழை ஆரம்பித்ததும் புது சிலிண்டரே அறுபதுதான் காட்டியது. ஏஜென்சிக்கு ஃபோன் போட்டபோது, குளிருக்கு அப்படித்தான் சார் இருக்கும் என்றார்கள். சூடு குறைந்தால் அழுத்தம் குறையும் என்பது அவரும் படித்ததுதானே; முழு அளவு அறுபது என்று திருத்தி எழுதிக்கொண்டார். விஷயம் அதற்குப் பிறகுதான். முதல் நாள் காலை கஜபதி நாற்பது இரும்பு ஃப்ரேமுக்கு வெல்டிங் அடிப்பான். முள் அறுபதிலிருந்து ஐம்பத்தெட்டுக்கு வரும். மாலை நிஷா நாற்பது ஃப்ரேம் அடிப்பாள்; அதே ஐம்பத்தெட்டு. மறுநாள் காலை முள் மறுபடி அறுபதில் நிற்கும். கஜபதி இன்னொரு நாற்பது அடித்துவிட்டு ஐம்பத்தெட்டில் கொடுத்துவிட்டுப் போவான். அன்று மாலை நிஷாவின் கையில் முள் கடகடவென்று இறங்கி, ஒன்பது மணிக்குள் சிலிண்டர் காலி. மூன்று ஷிஃப்ட் சேர்ந்து தொடாத கேஸை ஒரே ஷிஃப்ட் விழுங்கியது. அதுவும் ஒரு நாள் விட்டு ஒரு நாள்.

ஒரு நாள் விட்டு ஒரு நாள் என்பதுதான் தினகரனுக்கு உறுத்தியது. தினமும் திருடினால் மாட்டிக்கொள்வோம் என்று தெரிந்த ஆள் செய்கிற வேலை அது.

ஆறு மணிக்குக் கதவைத் தட்டிவிட்டு நிஷாவே வந்தாள். தோல் கையுறையைக் கழற்றாமல் நின்றாள்.

“சார், முள்ளு இருபத்தஞ்சுக்கு வந்துடுச்சு. எட்டு மணிக்கு மேல ஓடாது. இன்னும் நெறைய ஃப்ரேம் இருக்கு. ஸ்டோர் சாவி கெடைக்குமா?”

“ரெண்டு மணிக்கு எவ்வளவு எழுதின?”

“அம்பத்தெட்டு.”

“முழு சிலிண்டரே அறுபது. கிட்டத்தட்ட முழுசா வாங்கியிருக்க. நாலு மணி நேரத்துல எங்க போச்சு?”

“அதத்தான் சார் நானும் மூணு வாரமா கேக்குறேன்.”

“கேக்குற ஆளு நீயில்ல, நிஷா. கையெழுத்து யாருது? நாற்பதையும் முடிச்சிட்டுப் போ.”

அவள் கையுறையை இழுத்து இறுக்கிக்கொண்டாள். பிறகு, “சரி சார், முடிக்கிறேன். பொத்தல் விழுந்தா என்னைக் கேக்காதீங்க” என்று சொல்லிவிட்டுப் போனாள்.

பொத்தல் விழுந்தது. மறுநாள் வியாழன் காலை பார்த்தபோது கடைசி ஒன்பது ஃப்ரேமில் வெல்டிங் கரையான் அரித்த மாதிரி இருந்தது. ஒவ்வொன்றிலும் 14 என்று குத்தியிருந்தது. அது நிஷாவின் எண். அடித்தவர் எண்ணை ஃப்ரேமில் குத்தாமல் எதுவும் வெளியே போகாது. திங்கட்கிழமையும் இதே போல ஏழு.

ஸ்ரீநாத் ஒரு ஃப்ரேமைக் காலால் புரட்டிப் பார்த்தார். தினகரனைவிடப் பத்து வயது இளையவர்; கோபம் வந்தால் குரலைத் தாழ்த்திப் பேசுபவர்.

“ஆவடி ஃபேக்டரி இன்ஸ்பெக்டர் திங்கட்கிழமை வர்றார் தினகரன். யார் யார் அவங்க வேலையத் தொடலாம்னு லிஸ்ட் அவர்தான் ஓகே பண்ணணும். சனிக்கிழமை மத்தியானம் நான் பேர் அனுப்பணும். இந்தப் பொண்ணு பேரை வெக்கிறதா எடுக்கிறதா?”

“எடுத்துடலாம் சார். வேலை தெரியாதுன்னு நான் சொல்ல மாட்டேன். கேஸ் போற எடம் வேற.”

“புரியல.”

“வெளிய போகுதுன்னு நினைக்கிறேன்.”

ஸ்ரீநாத் நிமிர்ந்தார். “நினைக்கிறீங்களா, தெரியுமா? திருட்டுன்னு ஒரு வார்த்தை அவள அனுப்பின காண்ட்ராக்டர்கிட்ட சொன்னா அவன் எஸ்டேட் முழுக்க வாட்ஸ்அப் போட்டுடுவான். அப்புறம் அந்தப் பொண்ண எந்தப் பட்டறையிலும் உள்ள விட மாட்டாங்க. எழுத்துல குடுங்க. காரணத்தோட. சனிக்கிழமைக்குள்ள.”

காரணம் தினகரனிடம் ஏற்கெனவே இருந்தது. நிஷாவின் ஸ்கூட்டர் முன்பக்கம் ஒட்டியிருந்த ஸ்டிக்கரில் ஒரு தங்கமீனும் கொளத்தூர் விலாசமும் இருந்தன. அக்கா புருஷன் அங்கே மீன் தொட்டிக் கடை வைத்திருக்கிறார் என்று அவளே யாரிடமோ சொன்னதைக் கேட்டிருக்கிறார். தொட்டிக்குள் செடி வளர்ப்பவர்கள் சின்னச் சின்ன சிலிண்டரில் கரியமில வாயு வாங்கித் தண்ணீருக்குள் விடுகிறார்கள் என்பதை அவர் ஃபோனில் தேடித் தெரிந்துகொண்டார். பெரிய சிலிண்டரிலிருந்து சின்னதுக்கு மாற்ற ஒரு குழாய் போதும். அவள் தினமும் தூக்கி வரும் பை வேறு, சாப்பாட்டு டப்பாவுக்கு அளவுக்கு மீறிப் பெரியது. பட்டறை வாசலில் இருப்பது ஆண் வாட்ச்மேன். அவள் பையை அவன் திறந்து பார்க்க முடியாது. அதையும் அவள் கணக்கில் எடுத்திருப்பாள்.

வியாழன் மாலை ஐந்தரைக்கு தினகரன் தன் அறை விளக்கை அணைத்துவிட்டு, கிளம்பிவிட்டவர் போல வண்டியை உருட்டிக்கொண்டு கேட் வரை போனார். வண்டியை டீக்கடை ஓரம் நிறுத்திவிட்டுப் பின்வழியாக வந்து, அடுக்கி வைத்த இரும்புப் பட்டைகளுக்குப் பின்னால் நின்றார். வெளியே தூறல். தகரக் கூரையில் சத்தம் இருந்ததால் காலடி கேட்காது.

நிஷா ஒரு ஃப்ரேமை முடித்து முகமூடியைத் தூக்கினாள். சுற்றும் முற்றும் பார்த்தாள். இடது கையுறையைக் கழற்றிவிட்டு சிலிண்டருக்குப் பக்கத்தில் குந்தினாள். அதன் கழுத்திலிருந்து உள்ளங்கையை வைத்து மெல்லக் கீழே இழுத்துக்கொண்டே வந்தாள், மாட்டைத் தடவுவது போல. பாதிக்குக் கொஞ்சம் மேலே கை நின்றது. பாக்கெட்டிலிருந்து சாக்பீஸ் எடுத்து அந்த இடத்தில் ஒரு கோடு போட்டாள். ஃபோனை எடுத்துக் கோட்டைப் படம் பிடித்தாள். யாருக்கோ அனுப்புகிற மாதிரி விரல்கள் ஓடின.

கோடு. படம். எங்கோ ஒருவன் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்கே வந்து சிலிண்டரைச் சுற்றிப் பார்த்தார். சாக்பீஸ் கோடு ஒன்று இல்லை, இரண்டு இருந்தன; ஒன்று மேலே, ஒன்று நாலு விரல் கீழே. கஜபதியைக் கூப்பிட்டுக் காட்டினார். கஜபதி பாடி ஊர்க்காரன், இந்தப் பட்டறையில் எட்டு வருடம். தினகரன் ஓரளவு நம்பும் ஒரே ஆள்.

“இது இன்னான்னு தெரியுமா?”

“கோடு சார்.”

“கோடுன்னு எனக்குத் தெரியாதா? யார் போட்டது?”

“நான் போடல. எனுக்கு இன்னாத்துக்கு சார் கோடு? சிலிண்டரு இன்னா, வளர்ற புள்ளையா, செவுத்துல நிக்க வெச்சிக் கோடு போட?” கஜபதி சிரித்தான். தினகரன் சிரிக்காததைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். “நிஷா பொண்ணு சும்மா எதுனா கிறுக்கும் சார். வுடுங்க.”

“நீ அவளுக்குப் பரிஞ்சு பேசுற.”

“பேசல சார். நானு எந்தப் பக்கமும் இல்ல. ஆறு மணிக்கு வந்துகினு ரெண்டு மணிக்குப் போய்கினு கீறேன், அவ்ளோதான்.”

அன்று சிலிண்டருக்கு இரண்டாம் நாள். முள் இறங்க வேண்டிய நாள். தினகரன் ஒரு முடிவுக்கு வந்திருந்தார். மதியம் இரண்டு மணிக்கு நிஷா வந்ததும், அவளைப் பின்கொட்டகையில் கிரைண்டிங்குக்கு அனுப்பினார். ஏன் என்று அவள் கேட்கவில்லை. கஜபதியிடம் ஓவர்டைம் இருக்கச் சொன்னார். ஒரு ஸ்டூலை எடுத்துவந்து கேஜுக்கு இரண்டடி தூரத்தில் போட்டு உட்கார்ந்தார்.

“இன்னா சார், சினிமா பாக்குற மாதிரி குந்திகினு கீறீங்க?”

“நீ வேலையப் பாரு.”

அவள் இல்லை. திருடுவதற்கு ஆள் இல்லை. முள் ஐம்பத்தெட்டில் நிற்கும், இரவு பத்து வரை நிற்கும், அதை அவர் ஸ்ரீநாத்துக்குப் படம் எடுத்து அனுப்புவார். கஜபதி வெல்டிங் டார்ச்சை அழுத்தினான். நீல வெளிச்சம் தூணில் அடித்தது. தினகரன் வெளிச்சத்துக்கு முகத்தைத் திருப்பிக்கொண்டு முள்ளை மட்டும் பார்த்தார்.

மூன்று மணிக்கு ஐம்பது. நான்கு மணிக்கு நாற்பத்துமூன்று.

அவர் எழுந்து சோப்புத் தண்ணீர் கொண்டுவந்து மூட்டுகளில் எல்லாம் ஊற்றிப் பார்த்தார். ஒரு குமிழி இல்லை. குழாயை ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை கையால் தடவினார். ஐந்தரைக்கு முப்பது.

“கஜபதி, நிறுத்து.”

கஜபதி முகமூடியைத் தூக்கினான்.

“காலையில என்ன செஞ்ச?”

“இன்னா சார்?”

“காலையில நாற்பது அடிச்ச. முள் ரெண்டுதான் எறங்கிச்சு. இப்ப பதினெட்டு அடிச்சிருக்க. பாதி போயிடுச்சு. ஒரே ஆள், ஒரே டார்ச். காலையில வேற சிலிண்டர் போட்டு ஓட்டுறியா?”

கஜபதிக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் முகம் மாறியது. கையுறைகளைக் கழற்றி ஒன்றன்மேல் ஒன்றாக மேஜையில் வைத்தான்.

“ரெண்டு மணி வரிக்கும் அந்தப் பொண்ணு திருடி. அஞ்சர மணிக்கு நானா? சார், நீங்க ஸ்டூல போட்டு என் மூஞ்சிக்கு எதிர குந்திகினு இருந்தீங்க. நான் எப்ப எடுத்தேன், எங்க எடுத்தேன், இடுப்புல சொருகிகினனா?” முகமூடியையும் கழற்றி மேஜையில் போட்டான். “எட்டு வருசம் சார். நாளிக்கு ஸ்ரீநாத் சார் வந்தா அவரையும் கேளுங்க, அவரும் கொஞ்சம் எடுத்துகினு போயிருப்பாரு.”

அவன் போய்விட்டான். தினகரன் ஸ்டூலிலேயே இருந்தார். கஜபதியும் நிஷாவும் சேர்ந்து செய்கிறார்கள் என்ற எண்ணம்தான் முதலில் வந்தது. அடுத்து, சிலிண்டர் ஏஜென்சிக்காரன். அதற்கடுத்து ஸ்டோர். ஒவ்வொருவராக வரிசையில் வந்து நின்றார்கள். ஆனால் வேறு எவரும் நெருங்காத மூன்றரை மணி நேரம் அவர் கண்ணெதிரே முள் இறங்கியது. பார்த்தது அவர் கண்கள். சந்தேகப்பட வேண்டுமானால் இனி அவற்றைத்தான் சந்தேகப்பட வேண்டும்.

கொரட்டூர் வீட்டுக்கு அவர் வந்து சேர்ந்தபோது ஏழரை. சமையலறையில் ராதிகா தரையில் உட்கார்ந்து கேஸ் சிலிண்டர் மேல் ஈரத்துணியைச் சுற்றித் துடைத்துக்கொண்டிருந்தாள்.

“என்ன பண்ற?”

“எவ்வளவு இருக்குன்னு பாக்குறேன். நாளைக்கு உங்க தங்கச்சி வீட்டுல எல்லாரும் வர்றாங்க, நடுவுல தீர்ந்துட்டா?” அவள் துணியை எடுத்தாள். சிவப்பு உருளை முழுக்க ஈரமாக மினுங்கியது. சற்று நேரத்தில் மேல்பாகம் காய்ந்தது. கீழே ஒரு சாண் உயரத்துக்கு மட்டும் ஈரம் அப்படியே நின்றது. இரண்டுக்கும் நடுவில் கோடு போட்ட மாதிரி தெரிந்தது. “பாருங்க, இவ்வளவுதான் இருக்கு. புக் பண்ணணும்.”

தினகரன் நின்ற இடத்திலேயே நின்றார். பத்தொன்பது வருடமாக இந்த வீட்டில் இது நடந்துகொண்டிருக்கிறது. அவர் ஒரு தடவைகூட நின்று பார்த்ததில்லை.

“அடுப்பு எரியறத வெச்சே தெரியாதா? கொஞ்சமா இருந்தா கொஞ்சமாத்தானே எரியணும்?”

“எங்க? கடைசி நாள் வரைக்கும் அதே மாதிரிதான் எரியும். அப்புறம் திடீர்னு பொசுக்குன்னு போயிடும்.” ராதிகா நிமிர்ந்து பார்த்தாள். “ஏங்க, மூஞ்சி ஏன் இப்படி இருக்கு? யாரு என்ன செஞ்சா?”

அவர் சிலிண்டருக்குப் பக்கத்தில் குந்தி அதன் மேல் உள்ளங்கையை வைத்துக் கீழே இழுத்தார். ஈரக்கோடு வந்த இடத்தில் இரும்பு சில்லென்று ஆனது. நேற்று மாலை இதே மாதிரி குந்திய இன்னொருத்தியின் கை அவருக்கு ஞாபகம் வந்தது.

மகள் டியூஷனுக்குப் போயிருந்தாள். அவளுடைய பதினோராம் வகுப்பு வேதியியல் புத்தகத்தை எடுத்து, வாயுக்களைப் பற்றிய பாடத்தைத் திறந்தார். அவருக்குத் தெரிந்த விதி முதல் சில பக்கங்களிலேயே இருந்தது. அது நல்லியல்பு வாயுவுக்கு என்று போட்டிருந்தது. துகள்கள் ஒன்றையொன்று இழுக்காத, இடத்தையே அடைக்காத ஒரு வாயுவுக்கு. அப்படி ஒன்று உலகத்தில் எந்த சிலிண்டரிலும் கிடையாது என்றும் அதே புத்தகம் சொன்னது. டிப்ளமோவில் இதையும் சொல்லித்தான் கொடுத்திருப்பார்கள். பரீட்சைக்கு வந்தது முதல் பாதி மட்டும்.

இன்னும் சில பக்கம் தள்ளி ஒரு படம். கரியமில வாயுவை அமுக்க அமுக்க என்ன ஆகிறது என்று வெவ்வேறு வெப்பநிலையில் வரைந்த கோடுகள். குளிர்ந்த கோடுகள் எல்லாம் நடுவில் தட்டையாகப் படுத்திருந்தன. அந்தத் தட்டையான இடத்தில் துகள்கள் ஒன்றையொன்று இழுத்துத் திரவமாக நிற்கின்றன, எவ்வளவு வாயுவை வெளியே எடுத்தாலும் திரவம் கொதித்து அந்த இடத்தை நிரப்பிவிடும், அழுத்தம் அசையாது. திரவம் முழுக்கத் தீர்ந்த பிறகுதான் அது விழத் தொடங்கும். முப்பத்தொரு டிகிரிக்கு மேலே வரைந்த கோடுகளில் தட்டையே இல்லை. அதற்கு மேல் எவ்வளவு அழுத்தினாலும் கரியமில வாயு திரவமாகாது.

தகரக் கூரைக்குக் கீழே மே மாதம் நாற்பது டிகிரி. அப்போது சிலிண்டருக்குள் திரவம் என்று எதுவும் இல்லை. எடுக்க எடுக்க முள் இறங்கியது. அப்போதும் அவர் போட்ட கணக்குப்படி நேராக இறங்கவில்லை. ஆனால் இறங்கியது போதும் என்று விட்டுவிட்டார். மழை பிடித்துப் பட்டறை இருபத்தைந்துக்கு வந்ததும் உள்ளே பாதிக்கு மேல் திரவம். முள் அறுபதில் உறைந்துவிட்டது. நிஷா வேலைக்கு வந்ததும் மழை பிடித்ததும் ஒரே வாரம். அவள் வந்ததால் ஆனது என்று அவர் எழுதி வைத்ததெல்லாம் மழை வந்ததால் ஆனது.

ஒரு தாளை எடுத்துக் கணக்குப் போட்டார். நாற்பது டிகிரியில் நூறு இருந்தால், அவருடைய விதிப்படி இருபத்தைந்து டிகிரியில் தொண்ணூற்றைந்து இருக்க வேண்டும். அறுபது இல்லை. நவம்பரில் புது சிலிண்டர் அறுபது காட்டிய அன்றைக்கே இரண்டு நிமிடம் செலவழித்து இதைப் போட்டிருந்தால் விதியே அவரிடம் சொல்லியிருக்கும், நான் இந்த வாயுவுக்கு இல்லை என்று. எல்லாரையும் சோதித்தவர் அதை மட்டும் சோதிக்கவில்லை.

இருந்தாலும் தினகரன் தினகரன்தான். புத்தகம் சொன்னால் போதாது. சனிக்கிழமை காலை ஆறு மணிக்குப் புது சிலிண்டர் வந்ததும், பழைய இரும்பு எடை போடும் தராசில் அதை ஏற்றினார். எண்பத்திரண்டு கிலோ. காலி எடை ஐம்பத்திரண்டு என்று கழுத்தில் குத்தியிருந்தது. உள்ளே முப்பது. கஜபதி வந்திருந்தான், வணக்கம் சொல்லாமல் வேலையைத் தொடங்கினான். பத்து மணிக்கு வேலையை நிறுத்தச் சொல்லி மறுபடி ஏற்றினார். எழுபத்தெட்டேகால். முள் ஐம்பத்தெட்டில் இருந்தது.

“மூணே முக்கால் கிலோ போயிருக்கு கஜபதி. முள் ரெண்டுதான் எறங்கியிருக்கு.”

“அப்ப நான் திருடல?”

“இல்ல.”

“அந்தப் பொண்ணு?”

“இல்ல.”

“அந்தக் கேஜுதான் சார் திருடன். எட்டு மாசமா அதுக்குத்தான் நீங்க கையெழுத்து வாங்கிகினு இருந்தீங்க.” கஜபதி முகமூடியை இறக்கிக்கொண்டான். அதற்குள் சிரித்தானா என்று தெரியவில்லை.

பதினொன்றரைக்கு ஸ்ரீநாத்தின் மேஜையில் அறிக்கை இருந்தது. ஒரே பக்கம். ஸ்ரீநாத் இரண்டு தடவை படித்தார்.

“காரணம்ங்கிற எடத்துல உங்க பேர் போட்டிருக்கீங்க.”

“ரெண்டு மணிக்கு மாற்று சிலிண்டர் வெளிய வெக்க வேணாம்னு சொன்னது என் ரெஜிஸ்டர். கேஸ் இல்லேன்னு அந்தப் பொண்ணு வந்து சொன்னப்ப, முடிச்சிட்டுப் போன்னு சொன்னது நான். அதனாலதான் பொத்தல் விழுந்தது.”

“சரி. லிஸ்ட்ல பேரைச் சேர்த்துடறேன். இந்தத் தாள் எதுக்கு? நமக்குள்ள இருக்கட்டும். டிப்ளமோ படிச்ச சூப்பர்வைசருக்கு சிலிண்டர்ல என்ன இருக்குன்னு தெரியலன்னு இன்ஸ்பெக்டருக்கு எழுதிக் குடுக்கணுமா?”

தினகரனுக்கும் அந்த யோசனை வழியில் வந்திருந்தது. கொரட்டூரிலிருந்து எஸ்டேட் வரும்வரை அது கூடவே வந்தது.

“பொத்தல் விழுந்த பதினாறு ஃப்ரேம்லயும் அவ நம்பர் பதினாலு குத்தியிருக்கு சார். அவர் முதல்ல அதத்தான் கேப்பார். தாள் இல்லேன்னா திங்கட்கிழமை அவரே பேரை அடிச்சிடுவார்.”

ஸ்ரீநாத் கொஞ்ச நேரம் பேனாவை உருட்டினார். பிறகு குரல் தாழ்ந்தது. “நீங்களே அவர்கிட்ட நின்னு விளக்குவீங்க. நான் பக்கத்துல இருக்க மாட்டேன்.”

“சரி சார்.”

பட்டியல் நிஷாவையும் சேர்த்து ஐந்து பேரோடு பன்னிரண்டு மணிக்குப் போனது.

இரண்டு மணிக்கு நிஷா வந்ததும் தினகரன் அறையை விட்டு இறங்கி அவளிடம் போனார். நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னார். கொளத்தூர் மீன் தொட்டியை மட்டும் விட்டுவிட்டார். சொல்லி முடித்ததும், “தப்பு என்னுது” என்றார். அந்தச் சொல் அவர் வாயில் அவ்வளவாகப் பழகியதில்லை. கொஞ்சம் சத்தமாகவே வந்துவிட்டது. பக்கத்து மேஜையில் ஃப்ரேமில் எண் குத்திக்கொண்டிருந்தவன் திரும்பிப் பார்த்தான்.

“கிரைண்டிங்குக்கு அனுப்பினது திருடின்னு நினைச்சுத்தானே சார்?”

“ஆமா.”

“நான் கஜபதி அண்ணன நினைச்சேன்.” அவள் பையைத் திறந்து உள்ளேயிருந்த வெல்டிங் ஜாக்கெட்டை எடுத்தாள், பெரிய பைக்கு அதுதான் காரணம். “காலி பண்ணிட்டு என் தலையில கட்டுறார்னு. வியாழக்கிழமை சில்லுன்னு இருந்த எடத்துல கோடு போட்டுப் போட்டோ எடுத்து எங்க அப்பாவுக்கு அனுப்பினேன். அவர் ஆவடி ஃபேக்டரில வெல்டரா இருந்து ரிடையர் ஆனவர். நாளைக்கு என்னைத் தூக்கினா காட்டறதுக்கு வேணும்ல?”

“கோடு போடறத என்கிட்ட சொல்லியிருக்கலாமே.”

“சொல்லியிருந்தா என்ன சார் கேட்டிருப்பீங்க? ரெஜிஸ்டர்ல என்ன எழுதியிருக்குன்னு கேட்டிருப்பீங்க.”

தராசைக் காட்டினார். இனி ஷிஃப்ட் மாறும்போது முள்ளை எழுத வேண்டாம், எடையை எழுதினால் போதும் என்றார். அவளும் கஜபதியும் சிலிண்டரைச் சாய்த்து உருட்டித் தராசில் ஏற்றினார்கள். எழுபத்துநாலரை. கஜபதி கையெழுத்துப் போட்டுவிட்டு, “நான் வர்றேன் தங்கச்சி, மறுபடியும் போலீஸ் வர்றதுக்குள்ள ஊட்டுக்குப் போறேன்” என்று நகர்ந்தான்.

தினகரன் புது ரெஜிஸ்டரை அவளிடம் நீட்டினார். அவள் வாங்கவில்லை.

“நீங்க எழுதுங்க சார்.”

அவர் எழுதினார். எழுபத்துநாலரை என்று எண்ணிலும் எழுத்திலும். நேரம். கீழே தன் கையெழுத்து. பக்கத்தில் அவள் கையெழுத்துக்கு இடம் விட்டார். அவள் குனிந்து எண்ணைத் தராசோடு ஒப்பிட்டுப் பார்த்தாள். இன்னொரு தடவையும் பார்த்தாள். அதற்குப் பிறகுதான் கையெழுத்துப் போட்டாள். பிறகு ஃபோனை எடுத்தாள்.

படத்துக்குக் குறுக்கே நிற்கிறோம் என்று நினைத்து தினகரன் ஒதுங்கினார்.

“நகராதீங்க சார்” என்றாள் நிஷா. “நீங்களும் விழணும்.”

அவர் சிலிண்டருக்குப் பக்கத்தில், தராசின் எண் தெரியும்படி, கையில் ரெஜிஸ்டரோடு நின்றார். அவள் திரையைப் பெரிதாக்கிப் பார்த்து, சரியாக விழவில்லை என்று இன்னொன்று எடுத்தாள்.